கையெழுத்து மட்டும் போட்ட காசோலை



செக் கேஸ் பற்றி இரண்டு வார்த்தை பேசச் சொன்னார் நம் வணிகர் சங்கச் செயலாளர். வக்கீலிடம் போய் இரண்டு வார்த்தை கேட்கிற துணிச்சல் அவருக்குத்தான் வரும்!

உங்கள் கல்லாப்பெட்டியைத் திறந்தால் தேதி, தொகை எதுவும் எழுதாமல் கையெழுத்து மட்டும் போட்ட காசோலை ஒன்றாவது இருக்கும். அதேபோல நீங்கள் கையெழுத்துப் போட்டது இன்னொருவர் பீரோவில் இருக்கும். கையைத் தூக்கச் சொல்ல மாட்டேன். கடன் கொடுத்தவர் பக்கத்து நாற்காலியிலேயே இருக்கலாம்.

மாற்றுமுறை ஆவணச் சட்டம் 1881-இல் வந்தது. காசோலை திரும்பினால் சிறை என்ற 138-ஆவது பிரிவு 1989 ஏப்ரல் 1 முதல்தான் நடைமுறையில் இருக்கிறது. காசோலையை நம்பிச் சரக்கை இறக்கலாம் என்ற தைரியத்தை வியாபாரிக்குக் கொடுக்க வந்த பிரிவு அது. நாமோ காசோலையைக் கைமாற்றுக் கடனுக்கு அடகுப் பொருளாக்கிவிட்டோம். கந்துவட்டிக்காரர் முதலில் கேட்பதே பிளாங்க் செக்தான். விளைவு? 2019 முடிவில் நாட்டில் நிலுவையில் இருந்த 2.31 கோடி குற்ற வழக்குகளில் 35.16 லட்சம் செக் வழக்குகள். ஆறு மாதத்தில் முடிக்க முயல வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. வாய்தாவுக்கு நடந்தவர்களைக் கேளுங்கள், உண்மை தெரியும்.

வெற்றுக் காசோலையைப் பிறகு யார் நிரப்பினாலும் செல்லும். கையெழுத்து உங்களுடையது என்றால் பொறுப்பும் உங்களுடையதே. 2019-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது இது. கடன் கொடுத்தவர்கள் அவசரப்பட்டுக் கைதட்ட வேண்டாம்! அதே 2019-இல் கர்நாடகத்து வழக்கு ஒன்றில், 6 லட்சம் கொடுக்கிற வசதி கடன் கொடுத்ததாகச் சொன்னவருக்கு இருந்ததா என்று பார்த்து, கடன் வாங்கியதாகச் சொல்லப்பட்டவரை அதே நீதிமன்றம் விடுவித்தது. குறுக்கு விசாரணை எப்படிப் போகும் தெரியுமா?

"பணத்தை எங்கிருந்து எடுத்தீர்கள்?"

"வீட்டில் வைத்திருந்தேன்."

"வருமான வரிக் கணக்கில் காட்டினீர்களா?"

கூண்டில் நிற்பவர் தன் வக்கீலைத் திரும்பிப் பார்ப்பார். அப்போது அந்த வக்கீல் வழக்குக் கட்டைப் புரட்டிக்கொண்டிருப்பார்.

இன்னொன்று, நம் ஊர் வியாபாரிகள் தினமும் செய்கிற தவறு. கடனில் கொஞ்சம் திரும்பி வந்திருக்கும். பழைய காசோலை அப்படியே கிடக்கும். பிறகு தகராறு வந்தால், முழுத் தொகைக்கும் வங்கியில் போட்டுவிடுவார்கள். குஜராத்தில் இப்படித்தான் ஒரு 20 லட்சம் காசோலை. அதில் 4 லட்சத்துக்கு மேல் ஏற்கெனவே கட்டியாகிவிட்டது. முழு 20 லட்சத்துக்கும் போட்டார்கள். வழக்கு நிற்காது என்று 2022-இல் தீர்ப்பு. வந்த தொகையை அந்தக் காசோலையிலேயே குறித்து, மீதிக்கு மட்டும் போட்டிருக்க வேண்டும். இல்லையென்றால் பழையதைக் கிழித்துவிட்டு மீதிக்குப் புதியது வாங்கியிருக்க வேண்டும்.

செக் கேஸுக்கான காலக்கெடுவையும் சொல்லிவிடுகிறேன். காசோலை திரும்பியது என்று வங்கியிலிருந்து ரிட்டர்ன் மெமோ வந்த 30 நாளுக்குள் நோட்டீஸ். நோட்டீஸ் கிடைத்தவருக்குப் பணம் கட்ட 15 நாள். அது கழிந்து ஒரு மாதத்துக்குள் புகார். கடன் வாங்கியவர் தபாலை வாங்காமல் திருப்பி அனுப்புவது சாமர்த்தியம் இல்லை. மறுத்தாலும் கிடைத்ததாகவே கணக்கு. சமரசம் எந்தக் கட்டத்திலும் செய்யலாம். ஆனால் தள்ளிப் போடப் போட கோர்ட் விதிக்கும் செலவுத் தொகை ஏறும்.

ஆகவே ஒரு கோரிக்கை. அடுத்த முறை சங்கம் பில் புத்தகம் அச்சடிக்கும்போது, கடன் வரவுச் சீட்டுப் புத்தகமும் சேர்த்து அடிக்கட்டும். தேதி, வந்த தொகை, மீதி, இரண்டு பேர் கையெழுத்து, காசோலை எண். இந்த ஐந்து கட்டம் போதும். இதைத் தீர்மானமாகவே முன்மொழிகிறேன். வழிமொழிய யாராவது ஒருவர் எழுந்திருங்கள்.