ஒரு அரசியின் கையெழுத்து

இரண்டு நாள் நாம் ஆராயவிருப்பது நெதர்லாந்து அரசி ஜூலியானாவின் ஆட்சிக்காலம். 1948 செப்டம்பர் 4 முதல் 1980 ஏப்ரல் 30 வரை ஏறத்தாழ 32 ஆண்டுகள். இந்தக் காலத்தை எழுதப் புகுபவருக்கு இரண்டு எளிய வழிகள் கைக்கு அருகிலேயே கிடைக்கின்றன. ஒன்று, 1953 பிப்ரவரி வெள்ளத்தில் 1,836 பேர் மாண்டபோது பூட்ஸ் அணிந்து சேற்றில் இறங்கி மக்களைப் பார்த்த தாயுள்ளம் கொண்ட அரசி. மற்றொன்று, அமைச்சர்கள் நீட்டிய தாளில் ஒப்பமிடுவதைத் தவிர வேறு வேலையில்லாத அலங்காரப் பதவி. இரண்டுமே அந்தப் பதவியின் இயல்பைத் தவறவிடுகின்றன என்பது என் கருத்து. ஜூலியானாவை அவர் ஆற்றிய உரைகளிலும் அவரை எடுத்த படங்களிலும் தேடுவதைவிட, அவருடைய கையெழுத்து எங்கே உடனே விழுந்தது, எங்கே விழ மறுத்தது என்பதில் தேட வேண்டும்.

1848இல் அரசியல் தலைவர் தோர்பெக்கே முன்னின்று திருத்திய அரசியலமைப்பு, அரசரை எந்தப் பழிக்கும் அப்பாற்பட்டவராக்கிப் பொறுப்பு முழுவதையும் அமைச்சர்கள் தலையில் வைத்தது. அரசரின் ஆணை செல்லுபடியாக அமைச்சரும் உடன் கையெழுத்திட வேண்டும். இந்த விதி அரசரின் அதிகாரத்தைப் பறித்தது என்றே பாடநூல்களில் படிக்கிறோம். பறித்தது உண்மைதான். ஆனால் அமைச்சரின் ஒப்பமில்லாமல் அரசர் எதுவும் செய்ய முடியாது என்றால், அரசரின் ஒப்பமில்லாமல் அமைச்சரின் ஆணையும் பிறக்காது. இரு கையெழுத்து வேண்டிய தாளில், தயங்குகிறவர் யாராயினும் அவருக்கு ஒரு பலம் வந்துவிடுகிறது. பதவியேற்பு நாளிலேயே இந்தப் பிணைப்பைக் கண்ணால் காணலாம். ஆம்ஸ்டர்டாமின் புதிய தேவாலயத்தில் யாரும் அரசியின் தலையில் முடி சூட்டுவதில்லை. முடி ஒரு மேசையில் இருக்கும். அதே மேசையில் அரசியலமைப்பின் பிரதியும் இருக்கும். அவற்றின் முன்னிலையில் நாடாளுமன்றத்தாரிடம் உறுதிமொழி சொல்வதே சடங்கின் மையம்.

தயக்கத்துக்கு இடமே இல்லாத கையெழுத்துகளும் உண்டு. 1949 டிசம்பர் 27 அன்று ஆம்ஸ்டர்டாம் அரண்மனையில், ஹட்டா தலைமையில் வந்த இந்தோனேசியக் குழுவினர் முன்னிலையில் இறையாண்மையைக் கையளிக்கும் ஆவணத்தில் ஜூலியானா ஒப்பமிட்டார். நான்காண்டுப் போரும் பேச்சுவார்த்தையும் ஏற்கெனவே முடிவு செய்த விஷயம் அது. அலங்காரப் பதவி என்பவர்களுக்கு இந்த ஒரு காட்சி போதும். ஆனால் இதையே முழு ஆட்சியாக அவர்கள் எடுத்துக்கொள்ளும்போது வில்லி லாகெஸின் கோப்பை மறந்துவிடுகிறார்கள்.

இரண்டாம் உலகப் போரில் நெதர்லாந்து ஜெர்மன் ஆக்கிரமிப்பில் இருந்த காலத்தில் ஆம்ஸ்டர்டாமில் ஜெர்மானியப் பாதுகாப்புப் போலீசின் தலைவனாக இருந்தவன் லாகெஸ். அந்நகரத்து யூதர்களை ரயிலேற்றி அனுப்பியதில் பெரும் பங்கு அவனுடையது. நாட்டிலிருந்த சுமார் 1,40,000 யூதர்களில் 1,00,000க்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டார்கள். நீதிமன்றம் அவனுக்கு மரண தண்டனை விதித்தது. கருணை மனுவைத் தள்ளுபடி செய்யும் ஆணைக்கு அரசியின் கையெழுத்து வேண்டும். மரண தண்டனையை மனத்தால் ஏற்காத ஜூலியானா அதில் கையெழுத்திட மறுத்தார். 1952இல் தண்டனை ஆயுள் சிறையாக மாறியது. முகாம்களிலிருந்து மீண்டு வந்தவர்களும், பிள்ளைகளைப் பறிகொடுத்தவர்களும் கொதித்தெழுந்தார்கள். அவர்களுடைய கோபம் நியாயமானது என்பதை இந்த மேடையிலிருந்து தயங்காமல் சொல்கிறேன்.

இங்கே இரண்டு மறுப்புகள் எழும். அரசி கொள்கையில் உறுதியாக நிற்கவில்லையே, 1952 மார்ச்சில் அவர் ஆட்சியிலேயே போர்க் குற்றவாளிகள் இருவர் சுடப்பட்டார்களே என்பது முதலாவது. ஆம், சுடப்பட்டார்கள். அவர் கையில் இருந்தது தடுப்பதிகாரம் அல்ல, வாதாடும் உரிமை மட்டுமே என்பதற்கு அதைவிடச் சான்று வேண்டியதில்லை. வாதம் சில கோப்புகளில் வென்றது, சிலவற்றில் தோற்றது. இரண்டாம் மறுப்பு கனமானது: யாரும் தேர்ந்தெடுக்காத ஒருவர் தம் மனச்சாட்சியை முன்னிறுத்தி, மக்களுக்குப் பொறுப்பான அரசை வளைக்கலாமா? அமைச்சரவை பிடிவாதமாக நின்று பதவி விலகப் போவதாகச் சொல்லியிருந்தால், அரசிக்கு இரண்டே வழிகள்தான் இருந்திருக்கும்: ஒப்பமிடுவது, அல்லது முடி துறப்பது. அமைச்சரவை அந்த எல்லை வரை போகத் துணியவில்லை. ஆகவே லாகெஸ் உயிர் பிழைத்த முடிவு, சட்டப்படி மட்டுமல்லாமல் உள்ளபடியும் அமைச்சர்களின் முடிவே. விதி முறிந்துவிடவில்லை, தன் வேலையைச் செய்தது. குறை வேறிடத்தில் இருக்கிறது. அரசிக்கும் அமைச்சருக்கும் இடையே நடந்த பேச்சு அரண்மனை இரகசியமாகவே காக்கப்பட்டதால், துயருற்றவர்கள் யாரிடம் நீதி கேட்பது என்றே தெரியாமல் நின்றார்கள்.

அந்த இரகசியம் 1956இல் இன்னும் தடித்தது. கண்பார்வை குன்றிப் பிறந்த அரசியின் கடைசி மகளுக்காக அரண்மனைக்குள் வந்த நோய் தீர்ப்பவர் ஹோஃப்மான்ஸ் பற்றி ஜெர்மன் இதழான டெர் ஸ்பீகல் எழுதியது. டச்சுப் பத்திரிகைகள் முதலில் வாய் திறக்கவில்லை. இந்த விவகாரத்தை விசாரித்த, பேல் தலைமையிலான மூவர் குழுவின் அறிக்கை வெளிச்சம் காண 2008 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. 1976இல் லாக்ஹீட் விமான நிறுவனத்தின் லஞ்ச ஊழலில் அரசியின் கணவர் இளவரசர் பெர்ன்ஹார்டை விசாரித்த டோனர் குழுவின் அறிக்கையோ, பிரதமர் டென் ஆய்லின் கையால் நேராக நாடாளுமன்றத்துக்குப் போனது. இருபதாண்டு இடைவெளியில் மாறியது அரசியலமைப்பு அல்ல, அதே விதியை எவ்வளவு வெளிப்படையாக நடத்துவது என்ற பழக்கமே.

ஆகவே இந்தக் கருத்தரங்கில் கட்டுரை படிக்க வந்திருப்போரிடம் எனக்கு ஒரு வேண்டுகோள் உண்டு. ஒவ்வொரு கோப்பிலும் அமைச்சரவை முடிவெடுத்த தேதியையும் அரசி ஒப்பமிட்ட தேதியையும் அருகருகே எழுதிக்கொள்ளுங்கள். நடுவிலுள்ள நாட்களை எண்ணுங்கள். நாட்கள் நீளும் இடத்தில் அமைச்சகத்தில் யார் யாருக்கு எழுதினார்கள் என்று தேடுங்கள். முதல் அமர்வின் கட்டுரைகள் 1948 முதல் 1952 வரையிலான கருணை மனுக்களைப் பற்றியவை. அவற்றைப் படிக்கக் கட்டுரையாளர்களை அழைக்கிறேன்.