படம்பிடித்தவரே தொகுத்தவர்: ரிச்சர்ட் லீகாக்கின் திரைப்பணி

ரிச்சர்ட் லீகாக் 1921இல் லண்டனில் பிறந்தார். கேனரித் தீவுகளில் அவர் தந்தைக்கு வாழைத்தோட்டம் இருந்தது. அதன் வேலைகளைப் பதினான்கு வயதில் ‘கேனரி பனானாஸ்’ என்ற மௌனப் படமாக எடுத்தார். அவர் படித்த டார்ட்டிங்டன் பள்ளியில் ஆவணப்பட முன்னோடி ராபர்ட் ஃபிளாஹெர்ட்டியின் மகள்களும் படித்தனர். அந்த வழியாகப் படம் ஃபிளாஹெர்ட்டியின் பார்வைக்குப் போயிற்று. சினிமாக் கருவிகளின் நுட்பம் பிடிபட வேண்டும் என்று லீகாக் ஹார்வர்டில் இயற்பியல் படித்தார். இரண்டாம் உலகப் போரில் பர்மாவிலும் சீனாவிலும் அமெரிக்க ராணுவ ஒளிப்பதிவாளராக இருந்தார்.

போர் முடிந்ததும் ‘லூசியானா ஸ்டோரி’ (1948) படத்துக்கு ஃபிளாஹெர்ட்டி அவரை ஒளிப்பதிவாளராக்கினார். அந்தப் படப்பிடிப்பில் ஒரு குறை அவரை உறுத்தியது. ஒலியின்றி எடுக்கும்போது சிறிய ஆரிஃபிளெக்ஸ் கேமரா நினைத்த இடத்துக்கெல்லாம் போனது. பேச்சும் பதிவாக வேண்டிய காட்சிகளில் கனத்த கருவிகள் வந்து இறங்கின. கேமரா நின்ற இடத்திலேயே நின்றது. இந்தச் சிக்கலை அவிழ்ப்பதே பிறகு அவருடைய முதன்மை வேலையாயிற்று.

ஊர் ஊராகச் செல்லும் கூடார நாடகக் குழுவைப் பற்றிய ‘டோபி அண்ட் தி டால் கார்ன்’ (1954) படத்தை அவரே இயக்கி, ஒளிப்பதிவு செய்து, தொகுத்தார். அதைப் பார்த்த ‘லைஃப்’ இதழாளர் ராபர்ட் ட்ரூ அவரைத் தேடிவந்தார். அந்தக் கூட்டில் பிறந்ததே ‘பிரைமரி’ (1960). விஸ்கான்சின் முதனிலைத் தேர்தலில் கென்னடியும் ஹம்ஃப்ரியும் மோதியதைத் தோளில் ஏந்திய கேமராக்கள் பின்தொடர்ந்தன. ஆனால் ஒலியும் படமும் ஒத்திசையக் கேமராவையும் ஒலிப்பதிவுக் கருவியையும் கம்பியால் பிணைக்க வேண்டியிருந்தது. நொடிக்கு 360 முறை அதிரும் இசைக்கவை கொண்ட அக்யூட்ரான் கைக்கடிகாரத்தின் நுட்பம் அந்தப் பிணைப்பை நீக்க உதவியது. இரு கருவிகளும் தனித்தனியே ஓடினாலும் ஒரே வேகத்தில் ஓடின. ஒளிப்பதிவாளர் ஒருபுறம், ஒலிப்பதிவாளர் மறுபுறம் என்று நடமாட முடிந்தது. ஆவணப்பட வரலாற்றில் இதற்கு நிகரான திருப்பங்கள் மிகச் சிலவே.

1963இல் தெற்கு டகோட்டாவின் அபர்டீன் நகரில் ஒரே பிரசவத்தில் ஐந்து குழந்தைகள் பிறந்தன. லீகாக்கும் ஜாய்ஸ் சோப்ராவும் அங்கே போய்ப் படம் எடுத்தனர். தொலைக்காட்சி நிறுவனமான ஏ.பி.சி. அந்தப் படச்சுருள்களை இனிமையான குடும்பக் கதையாகத் தொகுத்து ஒளிபரப்பியது. லீகாக் தொகுத்த ‘ஹேப்பி மதர்ஸ் டே’யோ நகரத்து வணிகர்கள் அந்தப் பிறப்பை ஊருக்கு விளம்பரமாக்கக் கணக்குப் போடுவதையும், அந்த ஆரவாரத்தின் நடுவே தாய் படும் சங்கடத்தையும் வெட்டாமல் வைத்தது. எடுத்தது ஒன்று, எழுந்த படங்கள் இரண்டு. படத்தொகுப்பு கற்பிக்கும் வகுப்புகளில் இவ்விரண்டையும் அடுத்தடுத்துத் திரையிட வேண்டும். நூறு பக்க விளக்கத்தைவிட அது தெளிவாகப் புரியவைக்கும்.

1969இல் எட் பின்கஸுடன் எம்.ஐ.டி.யில் திரைப்படப் பிரிவைத் தொடங்கினார். குறைந்த செலவில் மாணவர் படமெடுக்க, ஒலி ஒத்திசையும் சூப்பர்-8 கருவியை உருவாக்க முனைந்தார். முதுமையில் பாரிஸில் குடியேறி, கையடக்க வீடியோ கேமராவில் வலேரி லாலோந்துடன் படங்கள் எடுத்தார். 2011 மார்ச் 23 அன்று, 89ஆம் வயதில், அந்நகரிலேயே காலமானார்.