தொல்செவுளி: சொற்பொருளும் சொல்லாட்சியும்

(ஓட்டப்பிடாரத்தில் நிகழ்ந்த தமிழ்ச் சொல்லாக்கக் கூட்டத்தில் ஆற்றப்பெற்ற உரை)



ஓட்டப்பிடாரம், கப்பலோட்டிய தமிழர் வ.உ. சிதம்பரனார் 1872-ஆம் ஆண்டு பிறந்த ஊர். வெள்ளையரின் கப்பல் வாணிகத்திற்கு எதிராக 1906-இல் கப்பற் குழுமம் கண்டவர் என்னும் அளவிலேயே பலர் அவரை அறிவர். தொல்காப்பியத்திற்கு இளம்பூரணர் வரைந்த உரையைப் பதிப்பித்த புலவரும் அவரே என்பதை அறிந்தோர் சிலரே. கடலும் தொல்காப்பியமும் ஒருவர் வாழ்விலேயே ஒன்றுகூடிய இவ்வூரில், கடலுயிரி ஒன்றன் பெயரைத் தொல்காப்பிய ஒளியில் ஆராய்வது பொருத்தமே.

ஆராய எடுத்துக்கொண்ட சொல் 'புரோட்டோபிராங்கியா' என்பது. இரண்டு ஓடுகளை உடைய சிப்பியினத்துள் மிகப் பழைய அமைப்பைக் காத்து வரும் ஒரு பிரிவுக்கு அறிவியலார் இட்ட பெயர் இது. பெல்சிய நாட்டு அறிஞர் பெல்செனீர் 1889-இல் இதனை ஆண்டார். 'புரோட்டோ' என்பது முதல், முந்தியது எனப் பொருள்படும் கிரேக்க அடை. 'பிராங்கியா' என்பது செவுள். ஆகவே, முந்திய வகைச் செவுளை உடையது என்பதே அப்பெயரின் பொருள். கிரேக்கமும் இலத்தீனும் கற்ற ஐரோப்பியனுக்கு அப்பெயரே ஒரு பாடம். தூத்துக்குடிக் கடற்கரையில் பிறந்த தமிழ் மாணவனுக்கோ, அது நெட்டுருப் போட வேண்டிய வெற்றொலி. சிப்பியைக் கையால் தொட்டு வளர்ந்தவனுக்கு அதன் பெயர் விளங்கவில்லை. சிப்பியையே காணாத வேற்றுநாட்டானுக்கு விளங்குகிறது. இந்நிலை தலைகீழானதன்றோ?

சிப்பிகளை வகுத்தறியும் அறிவு தமிழனுக்குப் புதியதன்று. தொல்காப்பியர் மரபியலில் உயிர்களை அறிவின் அளவால் வகுக்குங்கால், நந்து என்றும் முரள் என்றும் இரண்டனை ஈரறிவுயிராக வைத்தார். தொட்டறியும் உற்றறிவும் சுவைத்தறியும் நாவறிவும் அவற்றுக்கு உண்டென்பது அவர் கொள்கை. நந்து என்பதற்குச் சங்கும் நத்தையும் போல்வன என்றும், முரள் என்பதற்கு இப்பியும் கிளிஞ்சலும் போல்வன என்றும் உரையாசிரியர் பொருள் காட்டுவர். முறுக்கிய ஓரோடு உடையவை ஒருபுறம். இணைந்த ஈரோடு உடையவை மறுபுறம். இன்றைய விலங்கியலார் இருவேறு வகுப்பாகப் பிரித்து வைத்துள்ளவற்றையே தமிழ் நூல் இருவேறு பெயரால் சுட்டியது. எனவே ஈரோட்டுயிர்கள் அனைத்திற்கும் 'முரள்' என்னும் பெயர் ஆயத்தமாகவே உள்ளது.

இனி, 'முந்திய வகைச் செவுள்' என்பது யாது? தூத்துக்குடிக் கடலின் முத்துச்சிப்பியை எடுத்துக்கொள்க. அது கடலடிப் பாறையாகிய பாரிற் பற்றிக்கொண்டு, ஓட்டைச் சற்றே திறந்து நீரை உள்வாங்குகிறது. இழையிழையாய் அமைந்த அதன் அகன்ற செவுள் இரண்டு தொழில்களைச் செய்கிறது. நீரிலுள்ள உயிர்வளியை ஈர்த்து மூச்சுக்கு உதவுவது ஒன்று. நீரில் மிதந்துவரும் நுண்ணிய பாசியைச் சல்லடைபோற் பிரித்து வாய்க்கு அனுப்புவது மற்றொன்று. மட்டிக்கும் ஆளிக்கும் இதுவே பொது இயல்பு.

தொல்லமைப்புடைய முரள்களின் செவுளோ அத்தகையதன்று. அது சிறியது, நடுவே ஒரு தண்டும் அதன் இருமருங்கும் வரிசையாய்ச் சிற்றிதழ்களும் உடைய இறகு போன்றது. அதன் தலையாய தொழில் மூச்சே. இரையைத் தேடுவது பெரும்பாலும் வாயருகே நீண்டிருக்கும் உதட்டு மடல்களின் வேலை. அம்மடல்கள் சேற்றைத் துழாவி அதிற் படிந்துள்ள உணவுத் துகள்களை வாய்க்குக் கொணரும். சங்கு முதலிய பிற மெல்லுடலிகளின் முன்னோர்க்கும் இத்தகைய இறகுச் செவுளே இருந்திருத்தல் வேண்டும் என்று அறிஞர் கருதுவர். ஆதலின் முரளினத்துள் இது முந்திய வகை ஆயிற்று.

இப்பிரிவில் 'நுக்குலா' என்பது ஒன்று. இலத்தீனில் சிறுகொட்டை என்பது அதன் பொருள், வடிவும் அதுவே. இரண்டு ஓடுகளும் கூடும் கீலில் சீப்பின் பற்களைப் போலச் சிறுபற்கள் வரிசையாய் நிற்கும். ஓட்டின் உட்புறமோ முத்துச்சிப்பியின் உட்புறம் போன்றே ஒளிவீசும். முத்தின் ஒளிக்குக் கரணியமாகிய அதே வகைப் பூச்சை இச்சிறு சேற்றுச் சிப்பியும் கொண்டுள்ளது.

இவ்வுயிரிக்குத் தமிழ்ப்பெயர் இடுங்கால் நான்கு வழிகள் எதிர்நிற்கும். அவற்றை ஒவ்வொன்றாய் எடைபோடுதல் வேண்டும்.

'ஆதிச்செவுளி' எனலாம் என்பர் சிலர். 'ஆதி' வடசொல். முதல், முன், தொல், பழ எனத் தமிழில் நிரம்பக் கிடப்ப, இரவற்சொல் எதற்கு? அது தள்ளத்தக்கது.

'மூச்சுச்செவுளி' எனலாம் என்பர் வேறு சிலர். செவுளின் தொழிலை அது சொல்வதால் முதற்பார்வைக்கு நன்றாகவே தோன்றும். ஆயின், இதே பிரிவைச் சேர்ந்த 'சோலெமியா' என்னும் முரளின் செவுளில் நுண்ணுயிரிகள் குடியிருந்து, சேற்றிலுள்ள கந்தகச் சேர்மங்களைக் கொண்டு உணவாக்கித் தருகின்றன. அவ்வினத்திற் சிலவற்றுக்குக் குடலே இல்லை. அங்கே செவுள் மூச்சுக்கு மட்டுமன்றி ஊட்டத்திற்கும் உறுப்பாகிறது. எனவே அப்பெயர் பிரிவு முழுமைக்கும் பொருந்தாமற் குன்றக் கூறலாகும்.

'முதற்செவுளி' என்பது மூன்றாவது. தூய தமிழே எனினும், பல செவுள்களுள் முன்னால் இருக்கும் முதற் செவுள் என்று பிறழ உணர இடந்தரும்.

'தொல்செவுளி' என்பது நான்காவது. தொன்மையான வகைச் செவுளை உடையது என்னும் பொருளை அது மயக்கமின்றித் தருகிறது, குறுகியது, ஒலித்தற்கு எளியது. செவுள் என்பது ஏட்டிலே தேடிக் கண்ட சொல்லன்று. செவுளைத் தூக்கிச் சிவப்புப் பார்த்து மீன் வாங்கும் ஒவ்வொரு தமிழ்த்தாயும் அறிந்த சொல். எனவே 'தொல்செவுளி' என்பதே கொள்ளத்தக்கது. இதனைக் கொண்டால், அதே வகைப்பாட்டின் பிற பெயர்களும் இழைச்செவுளி, தகட்டுச்செவுளி, தடுப்புச்செவுளி என வரிசையாய் வந்து நிற்கும். நல்ல கலைச்சொல் தனியே வருவதில்லை; தன் சுற்றத்தையும் உடனழைத்து வரும்.

சொல்லை ஆக்குவதினும் அதனைப் பிழையின்றி ஆளுதல் பெரிது. ஈண்டு இரண்டு எச்சரிக்கைகள் வேண்டும்.

முதலாவது: பழமையான முரள்கள் எல்லாம் தொல்செவுளிகள் அல்ல. ஐம்பது கோடி ஆண்டுகட்கு முற்பட்ட பாறைகளில் 'போர்டில்லா' போன்ற முரள்களின் ஓடுகள் கல்லாய்க் கிடைத்துள்ளன. காலத்தால் முந்தியது என்பது ஒன்றே பற்றி அதனைத் தொல்செவுளி என்றல் பொருந்தாது. அது புதைபடிவ முரள். தொல்செவுளி என்பதோ ஒரு குடிப்பெயர். காலப் பெயரும் குடிப்பெயரும் தம்முள் மயங்கலாகா.

இரண்டாவது: ஆங்கிலத்தில் இவற்றுக்கு இடும் அடையைத் தமிழாக்குவோர், 'தாழ்ந்த', 'பின்தங்கிய', 'வளர்ச்சியற்ற' என்றெல்லாம் எழுதிவிடுகின்றனர். இது பெரும்பிழை. தொல்செவுளிகள் இன்றும் உலகக் கடல்களில் வாழ்கின்றன; ஆழ்கடற் சேற்றில் அவை மிகுந்து பெருகியுள்ளன. ஏனைய முரள்கள் அனைத்திற்கும் உடன்பிறந்த கிளையாகவே இன்றைய ஆய்வாளர் பலர் அவற்றைக் கொள்வர். உடன்பிறந்தாருள் ஒருவர் பழைய வீட்டிலேயே வாழ்ந்தால் அவர் தாழ்ந்தவர் ஆகிவிடுவாரா? தமிழில் 'தொல்' என்னும் அடைக்கு இழிவுப்பொருள் இல்லை. தொல்குடி என்றால் நெடுங்காலம் நிலைத்த குடி; தொல்காப்பியம் என்றால் நெடுங்காலம் நிலைத்த நூல். பழமையும் வாழ்வும் ஒருங்கே உடையதைச் சுட்டுதற்கு இதனினும் சிறந்த அடை கிடைப்பது அரிது. பழையது என்பதாலேயே அறிவியலுக்கு உதவாது என்று தமிழைப் பழிப்போரும் இவ்வுயிரியிடம் இப்பாடத்தைக் கற்றுக்கொள்ளலாம்.

கடலறிவில் தமிழ் பிறமொழிக்குக் கொடுத்ததும் உண்டு. மன்னார் வளைகுடா முத்துச்சிப்பிகளை ஆராய்ந்த எர்டுமன், ஆர்னெல் ஆகிய பிரித்தானிய அறிஞர்கள், சிப்பி வாழும் பாறைத்திட்டைப் 'பார்' என்னும் தமிழ்ச்சொல்லாலேயே தம் நூல்களிற் குறித்தனர். முத்துக்குளிப்போர் நாவில் இருந்த சொல்லை ஏற்க வெள்ளை அறிஞன் நாணவில்லை; அச்சொல்லுக்கு உரியவனே தன் சொல்லை எழுத நாணுகிறான். தூத்துக்குடிப் பார்களில் முத்துக்குளிப்பு 1961-ஓடு நின்றுபோயிற்று. 1973-இல் அந்நகரின் கடல்மீன் ஆராய்ச்சி நிலையத்தார் முத்துச்சிப்பியில் வளர்ப்பு முத்தை விளைவித்துக் காட்டினர். முத்து ஆய்வுக்கூடம் புகுந்துவிட்டது. முத்தைச் சூழ்ந்திருந்த தமிழ்ச்சொற்கள் இன்னும் வாயிலிலேயே நிற்கின்றன. பார், இப்பி, முரள், செவுள் என்பவற்றை எழுத்தில் ஏற்றாவிடின், குளிப்பு நின்றதைப் போலவே அச்சொற்களும் ஒரு தலைமுறையில் நின்றுபோகும்.

இது செய்யவொண்ணாத செயலுமன்று. நெல்லையிலிருந்து இயங்கிய சென்னை மாகாணத் தமிழ்ச் சங்கத்தார், அரசு தமிழைப் பொருட்படுத்தாத 1938-ஆம் ஆண்டிலேயே பல்துறைக் கலைச்சொற்களைத் தொகுத்து நூலாக வெளியிட்டனர். அம்மண்ணின் வழிவந்தோர்க்கு இன்று அச்சும் உண்டு, கல்லூரியும் உண்டு. வேண்டுவது மனம் ஒன்றே.

ஆதலின் ஆசிரியப் பெருமக்கள் செய்யத்தக்கது இதுவே: உலக அறிவியலார் பட்டியலுக்குரிய பெயரை ஒருமுறை தமிழெழுத்தில் காட்டுக, அதன்பின் பாடம் முழுவதும் தொல்செவுளி என்றே எழுதுக, சொல்லுக. கடற்கரைப் பள்ளியாயின், மாணவரைக் கொண்டு கிளிஞ்சல்களைத் திரட்டுக. கீலின் பற்களை எண்ணச் செய்க. மீனவப் பெரியோரிடம் ஒவ்வொன்றன் பெயரையும் கேட்டெழுதச் செய்க. உயிரியைக் கண்ணாற் கண்டு, மக்கள் நாவைக் கேட்டு, முன்னோர் நூலை நோக்கி ஆக்கும் சொல்லே நிலைக்கும். அவ்வாறு ஆக்கப்பெற்ற சொற்களால் அறிவியல் தமிழ் வளர்க!