வெள்ளோட்டச் செயலிகள்

புதிதாகத் தேர் செய்தால், திருவிழாவுக்கு முன்னரே சுவாமியை எழுந்தருளச் செய்யாமல் வெறுந்தேரை ஒருமுறை இழுத்துப் பார்ப்பது நம் வழக்கம். அதற்கு வெள்ளோட்டம் என்று பெயர். அச்சு முறுகுகிறதா, சக்கரம் ஒரு பக்கம் இழுக்கிறதா என்பன அப்போது தெரிந்துவிடும். கைப்பேசிச் செயலிகளுக்கும் இத்தகைய வெள்ளோட்டம் உண்டு. கிரேக்க நெடுங்கணக்கின் இரண்டாம் எழுத்தைக்கொண்டு அதனைப் பீட்டாப் பதிப்பு என்கின்றனர். கம்பியில்லா வலையை அளந்து காட்டும் செயலிகளின் பீட்டாப் பதிப்புகளைப் பற்றி இன்று சில சொல்ல விரும்புகின்றேன்.

விசைத்தறி ஓடும் எடப்பாடியில் இந்தப் பேச்சு எதற்கு என்று நேயர்கள் கேட்கலாம். தறிக்கூடத்தை ஒட்டியே வீடு. முன்னறையில் வைஃபைப் பெட்டி. பின்கட்டில் பாடம் கேட்கும் பிள்ளை. படம் நின்று நின்று வருகிறது. அலை வலுவிழந்ததா, அண்டை வீட்டார் அலையோடு மோதுகிறதா, வெளியிலிருந்து வரும் இணைப்பிலேயே குறையா? இதனை அறியாமல் இரண்டாவது பெட்டி வாங்கினால், பணம் போவதுதான் மிச்சம்.

2005-ஆம் ஆண்டு சனவரியில் இந்திய அரசு 2.4 கிகாஹெர்ட்சு அலைவரிசையை உரிமமின்றிப் பயன்படுத்த வழி செய்தது. இன்று அது சந்தை நாள் தெருவைப் போல நெரிகின்றது. அதிலுள்ள 13 தடங்களும் ஒன்றன்மேல் ஒன்று படிந்தவை. 1, 6, 11 ஆகிய மூன்றும் தம்முள் உரசுவதில்லை. இந்நெரிசலைச் செயலி வரைந்து காட்டும். அலையின் வலுவை டி.பி.எம். என்னும் அளவால், கழித்தற்குறியோடு தெரிவிக்கும். −50 நன்று; −80 நலிவு. −70க்கும் −80க்கும் வேற்றுமை சிறிதென எண்ணலாகாது. ஆற்றல் பத்தில் ஒரு பங்காகிவிட்டது என்பதே பொருள். மடக்கை எதற்கையா உதவும் என்று வினவும் மாணவர்க்கு இதனைக் காட்டலாம்.

2018-இல் வந்த ஆண்டிராய்டு ஒன்பதாம் பதிப்பு ஒரு கட்டுப்பாடு விதித்தது. திரையில் இயங்கும் செயலி இரண்டு நிமிடத்தில் நான்கு முறைதான் சுற்றுமுள்ள வலைகளைத் தேடலாம். ஆகவே, நாம் பின்கட்டுக்கு நடந்து சென்ற பின்னும் திரையில் நிற்பது முன்னறை எண்ணாகவே இருக்கக்கூடும். எந்நேரத்து அளவு இது என்று சொல்லவேண்டியது செயலியின் கடமை. பீட்டாவில் இத்தகைய நுணுக்கங்களே அரைகுறையாக நின்றுவிடும். ஓரிடத்தில் ஒரு நிமிடமேனும் நின்று குறித்துக்கொள்ளுங்கள். மற்றொரு கைப்பேசியில் நிலையான பதிப்பை வைத்து ஒப்பிடுங்கள். நுண்ணலை அடுப்பு எழுப்பும் இரைச்சலையோ எப்பதிப்பும் காட்டாது. செயலி கேட்பது வைஃபைப் பெட்டிகளின் குரலை மட்டுமே. இணைப்பின் வேகத்தை அளப்பது வேறு வேலை. அதற்கெனத் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமாகிய டிராய் 2016-இல் மைஸ்பீட் என்னும் செயலியை வெளியிட்டது.

குறை கண்டால் எழுதுவதும் வெள்ளோட்டத்தில் சேர்ந்தவர் பணியே. தறி ஓடவில்லை என்று மட்டும் சொன்னால் மேஸ்திரிக்கு என்ன விளங்கும்? கைப்பேசியின் வகை, செயலியின் பதிப்பெண், நேரம், நாம் செய்தது, எதிர்பார்த்தது, கண்டது ஆகியவற்றை எழுதவேண்டும். கூகிள் பிளே அங்காடியில் பீட்டாவினர் எழுதுவது ஊரார் கண்ணில் படாது. செயலியைச் செய்தவர்க்கே செல்லும். ஆதலின் கூச்சம் வேண்டா. ஆனால் அனுப்பும் திரைப்படத்தில் அண்டை வீட்டார் வலைப்பெயர்கள் இருப்பின் மறைத்துவிடுக. இருப்பிடம் அறியும் அனுமதியை இச்செயலிகள் கேட்பது முறையே. தொடர்பு எண்களைக் கேட்பின் மறுத்துவிடலாம்.

சலித்துவிட்டால், அங்காடியில் பீட்டாவிலிருந்து விலகி, செயலியை நீக்கிவிட்டு, நிலையான பதிப்பை மீண்டும் இறக்கிக்கொள்ளலாம்.