காம்பும் கறிதான்



போன மாதம் நம் சங்கத்துச் செயலாளர் கூப்பிட்டார். "அக்கா, இந்த வருடம் விழாச் சாப்பாட்டில் பால், தயிர், நெய் எதுவும் வேண்டாம் என்று பிள்ளைகள் சொல்கிறார்கள். தயிர்ச்சோறு இல்லாமல் என்ன விருந்து என்று பெரியவர்கள் கேட்கிறார்கள். நீங்கள் திருவண்ணாமலை, ரமணாசிரமத்துப் பக்கம் வளர்ந்தவர். சாப்பாட்டைப் பற்றியே பேசிவிடுங்களேன்" என்றார். மகிழ்ச்சியோடு ஒப்புக்கொண்டேன்.

எங்கள் ஊரில் கறிக்கடை என்றால் ஆட்டிறைச்சிக் கடை. அதே ஊரில் ஆசிரமத்துச் சமையற்கட்டில் கறி என்றால் கத்தரிக்காய்க் கறி, வாழைக்காய்க் கறி. இங்கே உட்கார்ந்திருக்கும் யாழ்ப்பாணத்து அன்பர்கள் மரக்கறி என்று பிரித்துச் சொல்வார்கள். ஒரு சொல்லுக்குள் இரண்டு சமையல் இருக்கிறது. சைவம் என்ற சொல்லையும் பாருங்கள். ஒரு சமயத்தின் பெயரை எடுத்துச் சாப்பாட்டுக்கு வைத்திருக்கிறோம். ஆனால் தமிழர் எல்லோரும் ஆதியிலிருந்தே காய்கறி மட்டும் தின்றவர்கள் என்று பிள்ளைகளிடம் சொல்லிவிடாதீர்கள். அந்தணரான கபிலரே ஊன்சோறு உண்டதைப் புறநானூற்றில் பாடியிருக்கிறார். வள்ளுவர் புலால் மறுத்தலை 26ஆம் அதிகாரமாகவும், கொல்லாமையை 33ஆம் அதிகாரமாகவும் வைத்தார். இரண்டும் துறவறவியலில் வருகின்றன. வடலூரில் 1867இல் வள்ளலார் தருமசாலை தொடங்கியபோது கொல்லாமையும் பசியாற்றுவதும் ஒரே அடுப்பில் சேர்ந்தன.

பாலையும் விலக்கும் உணவுக்கு 1944இல் இங்கிலாந்தில் வீகன் என்று பெயர் வைத்தார்கள். தமிழில் அதை நனிசைவம் என்கிறோம். நனி என்றால் மிகுதி. அழகான சொல். பிள்ளைகள் அதைச் சொல்லிப் பழகட்டும்.

இனி ரமண மகரிஷி வாழ்ந்த மலையடிவாரத்துக்கு வருகிறேன்.

1896 செப்டம்பர் 1ஆம் தேதி திருவண்ணாமலைக்கு வந்து சேர்ந்தபோது ரமணருக்குப் பதினாறு வயது. அதன்பின் பல ஆண்டுகள் அவருக்கென்று அடுப்பு கிடையாது. தெருவில் போய் நின்று கைதட்டுவார். கையில் விழுந்ததை உண்பார். மலைக்குகையில் இருந்தபோது, கணவனையும் பிள்ளைகளையும் பறிகொடுத்த எச்சம்மாள் நாள்தோறும் சோறு சுமந்துகொண்டு மலையேறினார். கீரைப்பாட்டி என்றொரு கிழவி மலையில் கண்ட கீரையைப் பறித்துக் கடைந்து கொண்டுவந்து கொடுப்பாள். இன்று செங்கம் சாலையில் வெளிநாட்டார் தேடி வந்து உண்ணும் நனிசைவ உணவகங்களைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குக் கீரைப்பாட்டி நினைவுதான் வரும். அவள் கையில் பாலும் இல்லை, நெய்யும் இல்லை. மலை கொடுத்ததுதான் இருந்தது.

1916இல் தாயார் அழகம்மாள் மகனோடு வந்து தங்கினார். சமையல் தொடங்கியது அவரால்தான். ஆசாரம் நிறைந்த அம்மாள் அவர். வெங்காயம் சேர்க்கமாட்டார், முருங்கைக்காயைத் தொடமாட்டார். மகன் விடுவாரா? இந்த வெங்காயமும் முருங்கைக்காயும் மோட்சத்துக்கு எப்பேர்ப்பட்ட தடை, ஜாக்கிரதை அம்மா என்று கேலி செய்வார். அதே தாயார் அப்பளம் இடக் கூப்பிட்டபோது, உளுந்தையும் பிரண்டைச் சாற்றையும் உலக்கையையும் வைத்தே ஞானம் சொல்லும் அப்பளப் பாட்டைப் பாடிக் கொடுத்தார். எதை விலக்குகிறோம் என்ற கணக்கைவிட, கையில் இருப்பதை எப்படிச் செய்கிறோம் என்பதே அவருக்குப் பெரிதாக இருந்தது.

1922இல் தாயார் மறைந்தபின் அவர் சமாதியைச் சுற்றி ஆசிரமம் வளர்ந்தது. விடிவதற்கு வெகுநேரம் முன்பே, பகவான் என்று எல்லோரும் அழைத்த ரமணர் சமையற்கட்டுக்கு வந்துவிடுவார். காய் நறுக்குவார், சட்னி அரைப்பார். அங்கே வேலை செய்த சாந்தம்மாள், சுப்புலட்சுமி அம்மாள், சம்பூர்ணம்மாள் எல்லோரும் கணவனை இழந்தவர்கள். நல்ல காரியத்தில் எதிரே வரக்கூடாது என்று ஊர் ஒதுக்கிவைத்த பெண்கள், உலகமே வந்து வணங்கிய ஒருவரின் பக்கத்தில் நின்று குழம்பு கொதிக்கவைத்தார்கள். தரையில் ஒரு கடுகு சிந்தினாலும் அவர் குனிந்து பொறுக்குவார். முதல்நாள் மிச்சத்தைக் காலையில் சூடுபண்ணிச் சேர்க்கச் சொல்வார். பழையது என்றால் ஆசாரக்காரர்களுக்கு ஆகாது, ஆனாலும் செய்யவைத்தார். தனக்கென்று யாராவது தனியாக ஒன்றைப் பரிமாறினால் மறுத்துவிடுவார்.

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். அந்த உணவுக்கூடத்தில் பிராமணர் ஒரு பக்கம், மற்றவர் ஒரு பக்கம், நடுவே தடுப்பு. சமைத்தவர்களும் பிராமணர்களே. இதை மறைத்துவிட்டு ஆசிரமத்துச் சாப்பாட்டைப் புகழ எனக்கு மனம் வரவில்லை. பகவான் இரண்டு பக்கத்தாருக்கும் தெரியும் இடத்தில் உட்கார்ந்து, எல்லோருக்கும் வந்த அதே சோற்றை உண்டார். தடுப்பு அன்று இருந்தது, அதுவும் உண்மை. நம் சைவத்தின் வரலாற்றில் கருணை ஓர் இழை, பந்தி பிரித்தது இன்னோர் இழை. முன்னதை மட்டும் எடுத்துக்கொள்ளும் உரிமை நம் பிள்ளைகளுக்கு உண்டு.

திபெத்திய நூல்களை ஆங்கில உலகுக்குக் கொண்டுவந்த எவான்ஸ் வென்ட்ஸ் 1935 ஜனவரியில் ஆசிரமத்துக்கு வந்தார். அவர் அங்கிருந்தபோது ஓர் ஐரோப்பியப் பெண்மணி, ஐரோப்பியருக்கு இந்தச் சாத்வீக உணவு ஒத்துவருமா, உடம்பு தாங்குமா என்று கேட்டார். பகவான் எவான்ஸ் வென்ட்ஸ் பக்கம் திரும்பி, நீங்கள் எங்கள் சாப்பாட்டைத்தானே சாப்பிடுகிறீர்கள், சங்கடமாக இருக்கிறதா என்று கேட்டார். இல்லை, பழகிவிட்டது என்றார் அவர். எல்லாம் பழக்கம்தான் என்று விளக்கினார் பகவான். தயிர் இல்லாமல் எப்படி என்று கேட்கும் என் வயதுக்காரர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்கவேண்டும்.

பிள்ளைகளுக்கும் ஒன்று. அன்று பகவான் சொன்ன சாத்வீக உணவில் பாலும் இருந்தது. ஆசிரமத்தில் மோர் உண்டு, கோசாலை உண்டு. அது நனிசைவச் சமையற்கட்டு அல்ல. ஆனால் 1926இல் கன்றாக வந்த லட்சுமி என்ற பசுவை நினைத்துப்பாருங்கள். பல ஆண்டுகள் அங்கே வாழ்ந்து, 1948 ஜூன் 18ஆம் தேதி, பகவான் அருகிருந்து தடவிக்கொடுத்தபின், உயிர் விட்டது. ஆசிரமத்துக்குள்ளேயே சமாதி வைத்தார்கள். பக்கத்திலேயே மானுக்கும் காகத்துக்கும் நாய்க்கும் சமாதிகள் இருக்கின்றன, போனால் பாருங்கள். பால் வற்றிய மாடு எங்கே போகிறது என்றுதானே நீங்கள் கேட்கிறீர்கள்? நியாயமான கேள்வி. கடைப் பால் குடிக்கும் நம்மிடம் அதற்குப் பதில் இல்லை. லட்சுமியின் சமாதி ஒரு பதில் வைத்திருக்கிறது.

கடைசியாகச் சம்பூர்ணம்மாள் சொன்ன ஒரு நிகழ்ச்சி. ஆசிரமத்துக்கு ஒருமுறை கத்தரிக்காய் ஏராளமாக வந்து இறங்கியது. தினமும் கத்தரிக்காய்தான். காம்பெல்லாம் ஒரு மூலையில் குவிந்து கிடந்தன. மாடுகூட முகர்ந்துவிட்டுப் போகும் அந்தக் காம்பைக் கறி செய்யச் சொன்னார் பகவான். அம்மாளுக்குத் திகைப்பு. காய்ந்த பட்டாணியோடு அடுப்பில் ஏற்றினார்கள். ஆறு மணி நேரம் கொதித்தும் காம்பு கட்டையாகவே கிடந்தது. அவர் மேல் பாரத்தைப் போட்டுவிட்டு அம்மாள் விடாமல் கிளறிக்கொண்டிருந்தார். ஒருவழியாக வெந்து, பந்திக்கும் வந்தது. இது என்ன காய் என்று தெரியாமலே, வந்திருந்தவர்கள் கேட்டுக் கேட்டு உண்டார்கள். பகவான் மட்டும் தன் இலையில் விழுந்த துளியை மருந்துபோல ஒரே வாயில் போட்டுக்கொண்டு, மறுமுறை வேண்டாம் என்றுவிட்டார். அம்மாளுக்கு ஏமாற்றம். உண்டவர்கள் எல்லோரும் நான்தானே, இதற்குச் சம்பூர்ணம் ஏன் வருந்தவேண்டும் என்று மறுநாள் யாரிடமோ சொன்னாராம்.

மணி பன்னிரண்டாகிறது. காலை நான்கு மணியிலிருந்து பின்கட்டில் நின்ற சகோதரிகளும் தம்பிமார்களும் இலை போட்டுவிட்டார்கள். தேங்காய்ப்பாலில் அவியல், பருப்புக்குப் பக்கத்தில் நல்லெண்ணெய். தயிர் வேண்டியவர்களுக்குத் தனிக் கிண்ணத்தில் உண்டு. நான் கேட்டபடி செயலாளர் பந்தியை ஒன்றாகவே போட்டிருக்கிறார். கத்தரிக்காய்க் கறியில் காம்பும் இருக்கும், ஒதுக்கிவிடாதீர்கள். வாருங்கள், சாப்பிடலாம்.