சயாமுக்குப் போனவர்கள் பெயரை எழுதுவோம்

(தோட்டக் கிளைக் கூட்டமொன்றில் ஆற்றிய உரை)



1945 ஆகஸ்டில் ஜப்பான் சரணடைந்தது. செப்டம்பரில் வெள்ளைக்காரன் மலாயாவுக்குத் திரும்பினான். யுத்தம் முடிந்தது என்கிறோம். தோட்டத்து லயத்தில் முடிந்ததா? வாழைமர நோட்டு செல்லாக் காசாயிற்று. மூன்றரை வருஷம் சேர்த்தது குப்பையாயிற்று. மரவள்ளிக் கிழங்கே சோறு. கோணிச் சாக்கே துணி.

சயாம் ரயில் பாதையின் நீளம் 415 கிலோமீட்டர். அதைப் போட 1942, 1943 ஆகிய ஆண்டுகளில் மலாயாவிலிருந்து 70,000க்கும் மேற்பட்டவர்களைக் கொண்டுபோனார்கள். பெரும்பாலோர் நம் தோட்டத் தமிழர்கள். காலராவும் மலேரியாவும் பட்டினியும் பல்லாயிரம் பேரை மாய்த்தன. பிழைத்தவர்கள் எலும்பும் தோலுமாக வந்தார்கள். சில வீடுகளில் வரவேற்க ஆளே இல்லை.

அந்த நிலையில்தான் நம் மக்கள் மறுபடி பெரட்டுக்கு நின்றார்கள். காடு மண்டிய நிரைகளை வெட்டித் திறந்தார்கள். புருஷனைப் பறிகொடுத்தவள் குழந்தையை ஆயாக் கொட்டகையில் விட்டுவிட்டு, கத்தியும் வாளியும் எடுத்தாள். தாய் தகப்பனற்ற பிள்ளைக்கு அடுத்த வீட்டுக்காரி கஞ்சி ஊற்றினாள்.

1947இல் மலாயாவின் ரப்பர் உற்பத்தி 6 லட்சம் டன்னைத் தாண்டியது. யுத்தத்துக்கு முந்திய 1940ஆம் ஆண்டைவிட அது அதிகம்! அதே 1947இல்தான் ஒப்பந்தக் கூலியில் நூற்றுக்கு 20 குறைப்பதாக முதலாளிமார் அறிவித்தார்கள். நம்மவர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். தனித்தனியே நின்றால் பிழைப்பில்லை என்று கண்ட அனுபவத்தில்தான், 1954இல் பல சங்கங்கள் ஒன்றுகூடித் தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கமாயின.

தோழர்களே! காஞ்சனபுரியில் ஏறத்தாழ 7,000 போர்க்கைதிகளுக்கு வரிசை வரிசையாகக் கல்லறைகள் இருக்கின்றன. வெட்டிய எழுத்தில் பெயர் இருக்கிறது. நம்மவர்களில் பெரும்பாலோர் கிடப்பது பெயரில்லாத குழிகளில்.

அதைக் கண்ணால் கண்டவர்கள் அநேகமாக மறைந்துவிட்டார்கள். பால்மரக் காடுகள் பல செம்பனையாகிவிட்டன. லயங்கள் இடிந்து, குடும்பங்கள் பட்டணம் போய்விட்டன. இன்னும் தாமதித்தால் கேட்பதற்கு ஆள் இராது.

கிராணிமார்களே! செக்ரோலில் பெயர் எழுதிப் பழகிய கை உங்களுடையது. பால்வெட்டும் தோழர்களே! பாட்டி சொன்ன கதை உங்களிடம் இருக்கிறது. இருவரும் ஒன்றாக உட்காருங்கள். தோட்டத்துக்கு ஒரு நோட்டுப் புத்தகம் போதும். போனவர் பெயர், போன வருஷம், திரும்பினாரா இல்லையா, இந்த மூன்றையும் எழுதுங்கள்.

செக்ரோல் நமக்கு வரவேண்டிய கூலிக்கு எழுதியது. இந்த நோட்டு நாம் தரவேண்டிய கடனுக்கு எழுதுவது.