விருந்தினர் வரும் வாயில்கள்



அங்காடியில் இன்று விலைபோகாத துணியை நாளை விற்கலாம். தங்கும் விடுதியில் இன்றிரவு வெறுமையாய்க் கிடந்த அறையையோ மறுநாள் விற்றல் இயலாது. விடுதித் தொழிலின் இடர் பெரும்பாலும் இவ்வொன்றில் அடங்கும்.

தென்னமெரிக்க நாடான பெருவில், குசுக்கோ நகர விடுதிகள் மாச்சு பிச்சு என்னும் பழம்பதியைக் காண வருவோரையே பெரிதும் நம்பியிருப்பன. 2020 மார்ச்சில் பெருந்தொற்றால் மூடப்பட்ட அப்பதி, நவம்பரில்தான் மீண்டும் திறக்கப்பட்டது. ஒரே வாயிலை நம்பிய தொழில், அது அடைபட்டதும் தளர்ந்தது.

நம் கடலூர், சிதம்பரம் வட்டாரத்திற்கோ வாயில்கள் பல. ஆனியிலும் மார்கழியிலும் தில்லைக் கூத்தனைத் தரிசிக்க அடியார் திரள்வர். 1929இல் தோன்றிய அண்ணாமலைப் பல்கலைக்கழகத்திற்கு மாணவரும் பெற்றோரும் வருவர். பிச்சாவரத்துச் சுரபுன்னைக் காட்டைக் காண விடுமுறையில் பலர் வருவர். விழாவும் விடுமுறையும் இல்லாத நாள்களில் யார் வருவர்? இவ்விரு நகரையும் இணைக்கும் நெடுஞ்சாலையில் அமைந்த சிப்காட் தொழிற்பேட்டைக்குப் பொறியாளரும் வணிகரும் வருவர்.

ஆயின், ஒரு விருந்தினருக்கான வாயில் மற்றொன்றை அடைத்துவிடலாகாது. தொழிற்பேட்டையைச் சூழ்ந்த சிற்றூர்களில் காற்றும் நிலத்தடி நீரும் மாசுறுகின்றன என்னும் முறையீடு நெடுங்காலமாக உண்டு. மூக்கைப் பொத்திக்கொண்டு எவர் இரவு தங்குவர்? கழிவைத் தூய்மை செய்யும் செலவை ஆலை ஏற்காவிடில், அச்சுமை ஊரார் தலையிலும் விடுதியார் தலையிலும் விழும்.

உங்களுள் சிலர் வேதியியல் கற்று ஆலைக்குச் செல்வீர்கள். சிலர் விருந்தோம்பற் கலை கற்று விடுதிக்குச் செல்வீர்கள். இருவர் பிழைப்பும் அந்த ஊரின் தூய நீரிலும் காற்றிலும் நிற்பதே என்பதை நினைவிற் கொள்வீர்களாக.